முப்பத்தேழரை குழி

பிள்ளைகளுக்குள் சண்டை வரக்கூடாது என்பதற்காகத்தான் எங்கள் தாத்தா உயில் எழுதினார். தான் மட்டும் எழுதினால் அப்பாயிக்கு மனத்தாங்கலாகிவிடும் என்று அவளையும் சேர்த்துக்கொண்டு ஒரே உயிலாக எழுதினார். 1971-ல் கும்பகோணத்தில் ஒரு பத்திர எழுத்தர் வீட்டுத் திண்ணையில் நடந்த காரியம் அது. அந்த நாலு பக்கம் மூன்று கோர்ட்டு ஏறி இறங்க இருபது வருஷம் பிடித்தது. உயிலும் கியிலும் இல்லாமல் ஒரு நாள் விடியற்காலையில் பொசுக்கென்று போய்ச் சேர்ந்த எதிர்வீட்டுக்காரரின் பிள்ளைகள், கருமாதி முடிந்த மறுநாளே கயிறு பிடித்து அளந்து, வரப்பு வெட்டி, மத்தியானச் சாப்பாட்டுக்கு வீடு திரும்பிவிட்டார்கள். தாத்தாவைப் போல முன்யோசனைக்காரர் அந்த வீட்டில் இல்லாமல் போனது அவர்கள் செய்த புண்ணியம்.

சொத்து என்று பெரிதாக ஒன்றுமில்லை. பன்னிரண்டு மா நன்செய், ஒரு ஓட்டு வீடு, கொல்லையில் கிணறு. தஞ்சாவூர்க் கணக்கில் நூறு குழி ஒரு மா. மூன்று மா சேர்ந்தால் ஏறக்குறைய ஓர் ஏக்கர். ஆக மொத்தம் நாலு ஏக்கர். இதில் ஒன்பது மா தாத்தா பெயரில். மூன்று மா அப்பாயி பெயரில். பிறந்த வீட்டில் மஞ்சக்காணியாகக் கொடுத்தது. உழவும் நடவும் எல்லாம் ஒன்றாகத்தான் நடக்கும். ஆனால் அந்த மூன்று மாவில் விளைந்த நெல் மட்டும் தனிக் குதிருக்குப் போகும். அந்தக் குதிரில் கைவைக்கும் தைரியம் தாத்தாவுக்கே கிடையாது. அப்பாயிக்குக் கையெழுத்துப் போடத் தெரியாது. எது யாருடையது என்று தெரியும்.

எனக்கு அப்போது பதின்மூன்று வயது. எழுத்தருக்குக் காபி வாங்கிவர என்னையும் கூட்டிப்போயிருந்தார்கள். உயிலுக்கு முத்திரைத்தாள் வேண்டாம், வெள்ளைத்தாளே போதும் என்று எழுத்தர் சொல்லிப் பார்த்தார். சட்டப்படி அதுதான் சரி. தாத்தா ஒப்பவில்லை. சிங்கம் போடாத தாளை எவன் மதிப்பான் என்றார். காசு தாத்தாவுடையது, எழுத்தருக்கு என்ன. சிங்கத்தாளிலேயே எழுதினார்.

பூரண நல்ல நினைவுடனும் பிறர் தூண்டுதல் இன்றியும் என்று வழக்கம்போல ஆரம்பித்தது. எங்கள் இருவரில் எவர் முந்தினாலும் மற்றவர் ஆயுசு வரைக்கும் எல்லாச் சொத்தையும் ஆண்டு அனுபவித்துவர வேண்டியது; இருவர் காலத்துக்கும் பிறகு மூன்று ஆண்மக்களும் சமபாகமாக, புத்திர பௌத்திர பாரம்பரியமாய் அடைய வேண்டியது; பெண்மக்கள் இருவருக்கும் சீர் செய்து கட்டிக்கொடுத்துவிட்டபடியால் அவர்களுக்குப் பாத்தியதை இல்லை. கடைசி வரி மட்டும் வம்பாய் அமைந்தது: ‘இந்த உயிலை எங்கள் ஆயுசுக்குள் மாற்றவும் ரத்து செய்யவும் எங்களுக்குப் பூரண அதிகாரம் உண்டு.’ எங்களுக்கு என்றால் இருவரும் சேர்ந்தா, ஆளுக்கு ஆள் தனித்தனியாகவா? இருவரும் உயிரோடு இருக்கும்வரையிலா, ஒருவர் போன பிறகும்கூடவா? எழுத்தர் யோசிக்கவில்லை. மணி ஒன்று ஆகியிருந்தது, அவருக்குப் பசி என்பது என் ஊகம்.

தாத்தா கையெழுத்திட்டார். அப்பாயி இடதுகைப் பெருவிரலை மையில் தோய்த்து வைத்தாள். சாட்சிக்கு எங்கள் ஊர்க் கர்ணமும் ஆரம்பப் பள்ளி வாத்தியாரும். அன்றே ரிஜிஸ்டர் ஆபீஸில் பதிந்துவிட்டு, எல்லோருமாக ஓட்டலில் சாப்பிட்டு வந்தோம். இனி என் பிள்ளைகளுக்குக் கோர்ட்டு வாசல் எந்தத் திசையில் இருக்கிறதென்றே தெரியவேண்டியதில்லை என்று பஸ்ஸில் தாத்தா சொன்னது எனக்கு ஞாபகம் இருக்கிறது.

1978-ல் தாத்தா போனார். அப்பாயி பன்னிரண்டு வருஷம் இருந்தாள். மூன்று பிள்ளைகளும் தலைக்கு ஒரு மாதம் என்று முறை வைத்து அவளைப் பார்த்துக்கொண்டார்கள். அதாவது யார் முறை என்று பேசிக்கொண்டே இருந்தார்கள். கடைசி வருஷங்களில் அவளைக் குளிப்பாட்டியதும் கால் பிடித்துவிட்டதும் அதே தெருவில் வாழ்க்கைப்பட்டிருந்த சின்ன அத்தைதான்.

1990-ல் அப்பாயி போனாள். பதினாறாம் நாள் கருமாதியன்று, படையல் எடுத்து, வந்தவர்கள் வெற்றிலை போட்டுக்கொண்டிருந்த நேரத்தில், சின்ன அத்தை மடியிலிருந்து ஒரு காகிதத்தை எடுத்துப் பெரியப்பாவிடம் நீட்டினாள். 1987-ல் அப்பாயி தனியாக ஓர் உயில் எழுதியிருந்தாள். மஞ்சக்காணி மூன்று மாவும் சின்ன மகளுக்கு. அதுவும் ரிஜிஸ்டர் ஆனது. பெரியப்பா மாதம் தவறாமல் வில்லங்கம் போட்டுப் பார்க்கிற ஆள்; அவருக்கே தெரியவில்லை. தெரியாது. கிரயம், அடமானம் எல்லாம் ஏறுவது முதல் புத்தகத்தில். உயில் ஏறுவது மூன்றாம் புத்தகத்தில். வில்லங்கச் சான்றில் அது வராது. எழுதியவர் உயிரோடு இருக்கும்வரை அவரைத் தவிர வேறு யாருக்கும் நகலும் கிடைக்காது. எழுத்தறிவில்லாத அப்பாயி சர்க்காரின் இந்த ஏற்பாட்டைச் சரியாகப் பயன்படுத்திக்கொண்டாள்.

1991-ல் வழக்கு. வாதிகள் மூன்று அண்ணன் தம்பிகள். முதல் பிரதிவாதி சின்ன அத்தை, இரண்டாம் பிரதிவாதி பெரிய அத்தை, இவள் பேருக்கு. முந்தைய வருஷம்தான் காவிரி நடுவர் மன்றம் அமைந்திருந்தது. நிலத்துக்கு ஒரு வழக்கு, அதில் பாயவேண்டிய நீருக்கு ஒரு வழக்கு. நடுவர் மன்றம் 2007-ல் இறுதித் தீர்ப்பு சொல்லிவிட்டது. நாங்கள் அதற்கப்புறமும் நாலு வருஷம் தாக்குப்பிடித்தோம். கோர்ட்டைக் குறை சொல்லமாட்டேன். வாய்தா கேட்டவர்கள் நாங்கள்தான். நாற்று நடவுக்கு வாய்தா, அறுவடைக்கு வாய்தா, கல்யாணத்துக்கு வாய்தா. ஒருமுறை பிரதிவாதி மகளின் கல்யாண வேலைக்காக வாதிகளே வாய்தா கேட்டார்கள். தாய்மாமன்கள் இல்லாமல் எப்படி?

சங்கதி இதுதான். புருஷனும் பெண்டாட்டியும் ஒரே தாளில் எழுதினாலும் அது ஒரு உயிலா, இரண்டு உயிலா? வெறும் கூட்டு உயில் என்றால், ஒரே தாளில் இரண்டு உயில் இருப்பதாகத்தான் அர்த்தம். அவரவர் சொத்துக்கு அவரவர் ராஜா. அப்பாயி தன் பாதியை எப்போது வேண்டுமானாலும் மாற்றலாம். ஆனால் நீ எனக்கு, நான் உனக்கு, பிறகு பிள்ளைகளுக்கு என்று ஒருவரையொருவர் நம்பி எழுதியது பரஸ்பர உயில். அதில் ஒருவர் போய், மற்றவர் அந்த உயிலின்படி பலனையும் அனுபவித்துவிட்டால், பிறகு மாற்ற முடியாது. அப்பாயி தாத்தாவின் ஒன்பது மாவைப் பன்னிரண்டு வருஷம் அனுபவித்தாளா இல்லையா? அனுபவித்தாள். ஆகவே கட்டுப்பட்டவள் என்றார் எங்கள் வக்கீல். குப்புசாமி ராஜா – பெருமாள் ராஜா வழக்கு என்று 1964-ல் வெளியான சென்னை உயர் நீதிமன்றத் தீர்ப்பு ஒன்றை அவர் கையிலேயே வைத்திருந்தார். ஒரே ஆவணமாகச் சேர்ந்து எழுதியிருக்கும்போது, மாற்றமாட்டோம் என்று தனியாக ஒப்பந்தம் எழுதியிருக்க வேண்டிய அவசியம்கூட இல்லை என்கிற தீர்ப்பு. தன் அம்மாவுக்குத் தன் மஞ்சக்காணி மேல் அதிகாரம் இல்லை என்று நிரூபிக்க அப்பா அந்தத் தீர்ப்பை மனப்பாடமே செய்திருந்தார்.

அத்தையின் வக்கீலும் லேசுப்பட்டவர் இல்லை. முதல் வாதம்: மஞ்சக்காணி அம்மாவின் சொந்தச் சொத்து, 1956 சட்டத்துக்குப் பிறகு பெண்ணின் சொத்து முழுச் சொத்து, அவள் இஷ்டம். அது எடுபடாவிட்டால் இரண்டாவது: முதல் உயிலே நிற்காது. தாத்தாவின் ஒன்பது மாவும் பூர்வீகம், அதை எழுதிவைக்க அவர் யார்? சரி, உயில் நிற்காவிட்டால் அத்தைக்கு என்ன வரும்? வக்கீல் குமாஸ்தா கணக்குப் போட்டுக் காட்டினார். பூர்வீகத்தில் தாத்தாவும் மூன்று மகன்களும் நாலு பங்காளிகள். தாத்தாவின் கால்பங்கு மட்டும் பெண்டாட்டி, மூன்று மகன், இரண்டு மகள் என்று ஆறாகப் பிரியும். அப்பாயி வழியில் வரும் துணுக்கை விட்டுவிட்டால், ஆக அத்தைக்கு இருபத்து நாலில் ஒன்று. முழுப் பங்காளிகளாக அத்தைகள் வரமுடியாதா? தமிழ்நாட்டில் 1989-ல் பெண்களுக்கும் சம உரிமை என்று சட்டம் திருத்தினார்கள். ஆனால் அந்த வருஷம் மார்ச் 25-க்கு முன்பே கல்யாணம் ஆனவர்களுக்கு அது கிடையாது. அத்தைகள் இருவருக்கும் அப்போது பேரன் பேத்தி பிறந்திருந்தார்கள். ஒன்பது மாவில் இருபத்து நாலில் ஒன்று முப்பத்தேழரை குழி.

முப்பத்தேழரை குழி! ஒரு குழி பன்னிரண்டு அடிக்குப் பன்னிரண்டு அடி. ஒரு களத்துமேடு அளவுகூடத் தேறாது. எதிர்வழக்குரையில் அந்த வரியைப் படித்துவிட்டு சித்தப்பா வக்கீல் ஆபீஸ் என்றும் பார்க்காமல் சிரித்தார். “மாடு கட்டக்கூட பத்தாதே, இதுக்கா ஸ்டாம்பு ஒட்டுறாங்க?” என்றார்.

பூர்வீகம் என்ற வாதத்தை உடைக்க அப்பா கூண்டில் ஏறினார். பாகப்பிரிவினையில் தாத்தாவுக்கு வந்த நிலத்தை அவர் கடனுக்கு விற்றுவிட்டார். இப்போது இருப்பது முழுக்க நெல் வியாபாரத்தில் சம்பாதித்து வாங்கியது. ‘பூர்வீகம் என்று ஒரு குழிகூடக் கிடையாது’ என்று சத்தியம் பண்ணிச் சொன்னார். குறுக்கு விசாரணையில் அரை நாள் மடக்கியும் அசையவில்லை. சர்டிபைடு நகல் வாங்கி வந்து ராத்திரி எங்களுக்கு உரக்கப் படித்துக் காட்டினார். நானும் தம்பியும் தங்கையும் அதைக் கேட்டுப் பூரித்துப்போனோம். இந்த நகலுக்குப் பிறகு வேறு வேலை வந்தது. அதைச் சொல்கிறேன்.

1996-ல் வாத்தியார் சாட்சிக்கு வந்தார். ரிஜிஸ்டர் ஆன உயில்தானே என்று விடமுடியாது. சாட்சிக் கையெழுத்துப் போட்டவர்களில் ஒருவராவது வந்து சொன்னால்தான் உயில் உயில். கர்ணம் உத்தியோகம் 1980-ல் போனது, பிறகு கர்ணமும் போனார். மிச்சம் வாத்தியார் ஒருவர்தான். எண்பத்திரண்டு வயது, ஒரு கண்ணில் புரை. மூன்று வாதிகளுக்கும் இரண்டு பிரதிவாதிகளுக்கும் அ ஆ சொல்லிக்கொடுத்தவர். எந்தக் கட்சிக்குச் சாட்சி சொல்கிறோம் என்று கடைசி வரை அவருக்குத் தெளிவாகத் தெரிந்ததா என்பது எனக்குச் சந்தேகம்.

“அவங்க ரெண்டு பேரும் கையெழுத்துப் போட்டதை நீங்க பாத்தீங்களா?” என்றார் அத்தையின் வக்கீல்.

“பாத்தேன். அவர் கையெழுத்து, அந்த அம்மா கைநாட்டு. கையெழுத்து வேற, கைநாட்டு வேற.”

“சரி. நீங்க போட்டதை அவங்க பாத்தாங்களா?”

வாத்தியார் யோசித்தார். “நான் குனிஞ்சு போட்டுக்கிட்டிருந்தேன். அவங்க பாத்தாங்களான்னு அவங்களைத்தான் கேக்கணும்.”

கோர்ட்டே சிரித்தது. எங்கள் வக்கீல் மட்டும் வேர்த்துவிட்டார். உயில் எழுதியவரின் முன்னிலையில் சாட்சி கையெழுத்திட வேண்டும் என்பது 1925 வாரிசுரிமைச் சட்டத்தின் விதி. அந்த ஒரு பதிலில் பன்னிரண்டு மாவும் ஆடிப்போயிற்று. மறுவிசாரணையில் எழுந்து, “ஐயா, அப்ப அவங்க ரெண்டு பேரும் எங்கே இருந்தாங்க?” என்று கெஞ்சாத குறையாகக் கேட்டார்.

“எங்கே இருப்பாங்க? எதிர்லதான். ஒரே பாயில உக்காந்திருந்தோம். முடிஞ்சதும் ஓட்டலுக்குப் போனோம். அவர்தான் காசு குடுத்தார். பூரி நல்லா இருந்தது.”

நீதிபதி பூரியை விட்டுவிட்டுப் பாயை மட்டும் எழுதிக்கொண்டார். உயில் பிழைத்தது. சாயங்காலம் வாத்தியாரை ஊருக்குக் கைத்தாங்கலாக அழைத்து வந்து திண்ணையில் உட்காரவைத்தது சின்ன அத்தை.

இதை இன்றைக்குச் சொன்னால் யாரும் நம்புவதில்லை. எங்கள் ஊரிலிருந்து காலையில் டவுனுக்கு ஒரே பஸ். வாதிகளும் பிரதிவாதியும் அதில்தான் போக வேண்டும். முதலில் ஏறியவர்கள் மற்றவர்களுக்குத் துண்டு போட்டு இடம் பிடித்தார்கள். பெரியப்பாவுக்குச் சர்க்கரை வியாதி. கோர்ட்டு நாளில் வேளைக்குச் சாப்பாடு தவறக்கூடாது என்று அத்தை தூக்குவாளியில் அவருக்குச் சப்பாத்தி எடுத்து வருவாள். மரத்தடியில் உட்கார்ந்து அண்ணன் சாப்பிட்டு முடித்ததும் உள்ளே போவார்கள். அங்கே அண்ணன் தரப்பு வக்கீல் எழுந்து, பிரதிவாதி வயதான தாயாரை மயக்கி எழுதி வாங்கிக்கொண்டார் என்பார். அத்தை கேட்டுக்கொண்டு நிற்பாள். திரும்பும்போது, “வக்கீலு இன்னிக்கு நல்லா பேசுனாருண்ணே” என்பாள். குத்திக்காட்டுகிறாளா, மெய்யாகவே சொல்கிறாளா என்று பெரியப்பாவால் கடைசி வரை கண்டுபிடிக்க முடியவில்லை.

1998-ல் நாங்கள் ஜெயித்தோம். 2004-ல் அப்பீலில் அத்தை ஜெயித்தாள். அந்த வருஷம்தான் மதுரையில் உயர் நீதிமன்றக் கிளை திறந்தார்கள். தஞ்சாவூர் ஜில்லா அதன் எல்லைக்குள் வந்தது. சென்னையில் இருந்த எனக்குப் பக்கத்திலேயே இருந்திருக்கவேண்டிய வழக்கு மதுரைக்குப் போனது. 2011-ல் முடிவு: அது பரஸ்பர உயில், அப்பாயி கட்டுப்பட்டவள், இரண்டாவது உயில் செல்லாது. மூன்று ஆண்மக்களுக்கும் தலா நாலு மா. அத்தைக்கு மூன்று மாவும் இல்லை, முப்பத்தேழரை குழியும் இல்லை. தீர்ப்பு வந்தபோது பெரியப்பாவுக்கு எண்பத்து நாலு வயது. ஜெயித்ததைச் சொல்ல நேரே அத்தை வீட்டுக்குத்தான் போனார்.

மறு வருஷம் அப்பா காலமானார். அவரும் உயில் எழுதிவைத்திருந்தார். நாலு மாவும் தம்பிக்கு. மூத்தவன் பாங்கு உத்தியோகத்தில் இருக்கிறான், மகளுக்குச் சீர் செய்தாயிற்று. அதே எழுத்துநடை, அதே சீர். படித்துப் பார்த்துவிட்டு நானும் தங்கையும் ஒரு வக்கீலிடம் போனோம். அவர் கேட்ட முதல் கேள்வி, “சொத்து பூர்வீகமா, சுய சம்பாத்தியமா?”

“பூர்வீகம்தான்” என்றோம் இருவரும் ஒரே குரலில்.

தங்கைக்குக் கல்யாணம் 1992-ல். 1989 சட்டத்தின் தேதியைத் தாண்டிவிட்டாள். அதோடு 2005-ல் நாடு முழுவதற்குமே மகள்களுக்கும் பிறப்பால் உரிமை என்று திருத்தம் வந்திருந்தது. பூர்வீகம் என்று மட்டும் ஆகிவிட்டால் அப்பாவின் உயில் அப்பாவின் பங்கோடு நின்றுவிடும். வக்கீல் உதட்டைப் பிதுக்கினார். தகப்பன் தன் சுய சம்பாத்தியத்தை உயிலில் மகனுக்குக் கொடுத்தால் அது பேரன்களுக்குப் பூர்வீகம் ஆகுமா என்பது 1953-லேயே அருணாசல முதலியார் வழக்கில் உச்ச நீதிமன்றம் வரை போன கேள்வி. கொடுத்தவர் மனதில் என்ன இருந்தது என்பதைப் பத்திரத்திலிருந்து பார்க்க வேண்டும் என்று சொல்லியிருக்கிறார்கள். தாத்தா மனதில் என்ன இருந்தது? ‘புத்திர பௌத்திர பாரம்பரியமாய்’ என்று இருக்கிறதே என்றேன். எல்லாப் பத்திரத்திலும் இருக்கும் சார் என்றார் வக்கீல். இருந்தாலும் நோட்டீஸ் அனுப்பினார்.

தம்பியின் பதில் பதினைந்தே நாளில் வந்தது. கூடவே ஓர் இணைப்பு. 1990-களில் அப்பா கொடுத்த வாக்குமூலத்தின் சர்டிபைடு நகல். ‘பூர்வீகம் என்று ஒரு குழிகூடக் கிடையாது’ என்ற வரிக்குக் கீழே சிவப்பு மையில் கோடு. எந்த ராத்திரி எந்த விளக்குக்குக் கீழே அதைக் கேட்டோம் என்பதுகூட ஞாபகம் வந்தது. எங்கள் வக்கீல் படித்துவிட்டு, “உங்க அப்பா ரொம்பத் தெளிவா சாட்சி சொல்லியிருக்கார் சார்” என்றார், பாராட்டாக.

வழக்கு ஆகவில்லை. பெரியப்பா தலையிட்டு தம்பியை எங்களுக்கு ஏதோ கொடுக்கச் சொன்னார். ஆளுக்கொரு விடுதலைப் பத்திரம் எழுதிக்கொடுத்தோம். கோர்ட்டு இல்லை, வாய்தா இல்லை, குறுக்கு விசாரணை இல்லை. சட்டப்படி எல்லாம் சுத்தம். தம்பி வீட்டு விசேஷத்துக்கு இப்போது பத்திரிகை வாட்ஸப்பில் வருகிறது, கீழே ‘நேரில் அழைத்ததாகக் கருதவும்’ என்று. ஒரே பஸ் இருந்த காலத்தில் இந்த வசதி இல்லை.

விக்கிரவாண்டியிலிருந்து தஞ்சாவூருக்கு நான்குவழிச் சாலை வேலை தொடங்கியது எங்கள் பக்கத்து நிலத்தின் பாஷையையே மாற்றிவிட்டது. குழியும் மாவும் போய்ச் சதுர அடி வந்தது. சாலை எங்கள் வயலைத் தொடவில்லை, கூப்பிடு தூரத்தில் போயிற்று. தொட்டிருந்தால் நஷ்டஈட்டு வழக்கு ஒன்று கூடியிருக்கும். 2021-ல் மனைபோடுகிற ஒருவர் பன்னிரண்டு மாவையும் மொத்தமாகக் கேட்டார். மூன்று கோர்ட்டுத் தீர்ப்பையும் அவர் மேஜைமேல் பரப்பினோம். அவருடைய வக்கீல் இரண்டு நாள் எடுத்துப் படித்துவிட்டு, எல்லாம் சரி, பெண் வாரிசுகள் கையெழுத்தும் வேண்டும் என்றார்.

“அவங்களுக்குப் பாத்தியதை இல்லைன்னு ஹைகோர்ட்டே சொல்லிடுச்சே சார்” என்றார் பெரியப்பா மகன்.

“சொல்லிடுச்சு. ஆனா மனை வாங்குறவங்க பாங்குல லோன் கேப்பாங்க. பாங்கு வக்கீல் தீர்ப்பெல்லாம் படிக்கமாட்டார். குடும்பத்துல பொம்பளைப் பிள்ளைங்க இருக்காங்களா, கையெழுத்து இருக்கா, அவ்வளவுதான் பாப்பார். போன வருஷம் ஆகஸ்ட்ல சுப்ரீம் கோர்ட் தீர்ப்பு வேற வந்திருக்கு.” வினீதா சர்மா வழக்கைச் சொன்னார்: 2005-ல் தகப்பன் உயிரோடு இருந்திருக்க வேண்டியதில்லை, மகளுக்குப் பிறப்பாலேயே உரிமை என்ற தீர்ப்பு. எங்கள் கேஸுக்கு அது பொருந்தாது என்று அவருக்கும் தெரியும், எங்களுக்கும் தெரியும்.

ஆக, இருபது வருஷம் வழக்காடித் தோற்கடித்தவளின் கையெழுத்தைக் கேட்டு மூன்று வீட்டு வாரிசுகளும் சின்ன அத்தை வீட்டுக்குப் போனோம். எண்பதை எட்டியிருந்தாள். காது கொஞ்சம் மந்தம், கணக்கு மந்தமில்லை. எவ்வளவு கொடுப்பது என்று நாங்கள் இழுத்தோம். “எனக்குத் தர்மத்துக்கு ஒண்ணும் வேணாம். அந்த முப்பத்தேழரை குழிக்கு என்ன ஆகுதோ அதைக் குடுங்கடா, போதும்” என்றாள். பெரியப்பா மகன் கைப்பேசியில் பெருக்கிப் பார்த்தான். முப்பத்தேழரை நூற்று நாற்பத்து நாலு, ஐயாயிரத்து நானூறு சதுர அடி. இரண்டேகால் கிரவுண்டு. மாடு கட்டப் பத்தாது என்று சிரித்த சித்தப்பா நல்லவேளையாக உயிரோடில்லை. பெரிய அத்தையின் பிள்ளைகளும் அதே கணக்கைக் கேட்டார்கள். கொடுத்தோம்.

பதிவு நாளன்று ரிஜிஸ்டர் ஆபீஸில் பதினேழு பேர். டோக்கன், ஆதார், கேமரா, விரல் ரேகை. கைநாட்டு என்று அப்பாயியைக் கேலி செய்த குடும்பத்தில் அன்றைக்கு எம்.டெக். படித்தவனும் வரிசையில் நின்று கட்டைவிரலை வைத்தான். சின்ன அத்தையின் ரேகையை மட்டும் இயந்திரம் ஏற்கவில்லை. பாத்திரம் தேய்த்துத் தேய்ந்த விரல். துடைத்து, ஈரம் வைத்து, வேறு விரல் வைத்து, கடைசியில் எப்படியோ ஏற்றுக்கொண்டது. “நான் வரலைன்னா வேணாங்குது பாரு, அதுக்காவது வெக்கம் இருக்கு” என்றாள் அத்தை.

இவ்வளவையும் பார்த்த பிறகு, போன வருஷம் நானும் என் மனைவியும் உயில் எழுதப் போனோம். குரோம்பேட்டையில் இருவர் பெயரிலும் ஒரு ஃபிளாட், கொஞ்சம் வைப்புத்தொகை, அவள் அம்மா வீட்டு நகை. இருவருக்கும் சேர்த்து ஒன்றாகவே எழுதிவிடலாம் என்று, பழக்கதோஷம், நான்தான் ஆரம்பித்தேன். வக்கீல் மேடம் பேனாவைக் கீழே வைத்துவிட்டார். “கூட்டு உயில் மட்டும் வேண்டாம் சார். தனித்தனியா எழுதுங்க. அவங்க என்ன எழுதுறாங்கன்னு நீங்க தெரிஞ்சுக்கணும்னுகூட இல்லை.” டாக்டர் சர்டிபிகேட், வீடியோ எல்லாம் எடுத்து வைக்கச் சொன்னார். சாட்சிக்கு உங்களைவிட வயசுல சின்னவங்களாப் பாருங்க என்றார். சாட்சியச் சட்டத்தின் பெயர் 2024 ஜூலையில் மாறியதே, அந்த விதியும் போயிற்றா என்று கேட்டேன். நம்பர்தான் மாறியிருக்கு சார், சாட்சி வந்துதான் ஆகணும் என்றார்.

நான் என் பாதியை மகனுக்கும் மகளுக்கும் சமமாக எழுதினேன். என் மனைவி தன்னுடையதை வக்கீல் மேடத்திடம் தனியாக உட்கார்ந்து எழுதி, உறையில் போட்டு, அரக்கு வைத்து ஒட்டி, மாவட்டப் பதிவாளரிடம் ஒப்படைத்துவிட்டாள். அப்படி ஒரு வசதி பதிவுச் சட்டத்தில் 1908-லிருந்தே இருக்கிறதாம். என்ன எழுதினாய் என்று ஒருமுறை கேட்டேன். உங்க அப்பாயி சொன்னாங்களா என்று கேட்டாள். விட்டுவிட்டேன்.

அடுத்த ஞாயிற்றுக்கிழமை மகள் போன் செய்தாள்.

“அம்மாவும் எழுதிட்டாங்களாப்பா?”

“எழுதிட்டா.”

“என்ன எழுதியிருக்காங்க?”

“தெரியாதும்மா. ஒட்டிக் குடுத்துட்டா.”

“நீங்க?”

“உங்க ரெண்டு பேருக்கும் சமமாத்தான்.”

கொஞ்ச நேரம் பேச்சில்லை. பிறகு கேட்டாள்: “அப்ப அம்மா சமமா எழுதலையா?”

நான் பதில் சொல்வதற்குள் மகனையும் லைனில் சேர்த்துவிட்டாள்.